சதை என்று எழுதினால் போதாது

சிவகங்கை, ராமநாதபுரம் பக்கத்துக் கண்மாய்க்கரை ஊர்கள் சிலவற்றில் விசாரித்தால், மூக்கில் சதை வளர்ந்து ரத்தம் கொட்டி மதுரைக்குப் போய் எடுத்துவிட்டு வந்தவர் யாராவது இருப்பார். போன வருஷம் எடுத்த சதை இந்த வருஷம் மறுபடி வந்துவிட்டது என்பார். எங்கள் ஊரில் அந்த ஆள் நான்.

நோயின் பெயர் ரைனோஸ்போரிடியோசிஸ். அதை உண்டாக்கும் ஒட்டுண்ணி ரைனோஸ்போரிடியம் சீபரி. உடம்பில் ஈரம் காயாத உட்பரப்புகளான சளிச்சவ்வுகள்தான் இதற்குப் பிடித்த இடம். பெரும்பாலும் மூக்கின் உள்ளேயும் அதற்குப் பின்னால் தொண்டையின் மேல்பகுதியிலும் வளரும். சிலருக்குக் கண் இமையின் உள்பக்கத்திலும் கண்ணீர்ப் பையிலும் வரும். அபூர்வமாகச் சிறுநீர்த் துவாரத்திலும், தோலிலும்கூட வந்திருக்கிறது. தென் தமிழ்நாடு, கேரளம், இலங்கை, சத்தீஸ்கர், மேற்கு வங்காளத்தின் புருலியா, பாங்குரா ஆகிய இடங்களில் இது அதிகம். பெண்களைவிட ஆண்களுக்கே அதிகம், அதிலும் இளவயதுக்காரர்களுக்கு.

இருபது வருஷத்துக்கு மேலாக ஒரு மருத்துவமனையின் ஆவணப் பிரிவில் வேலை பார்க்கிறேன். எம்.ஆர்.டி. என்று எல்லோரும் சொல்லும் அந்த அறைக்கு, டிஸ்சார்ஜ் ஆன ஒவ்வொரு நோயாளியின் கேஸ் ஷீட்டும் வந்து சேரும். அதைப் பிரித்து, அடுக்கி, கையெழுத்து விடுபட்டிருந்தால் திருப்பியனுப்பி, நோய்க்கு உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி.-10 புத்தகத்திலிருந்து ஒரு குறியீடு போட்டு அலமாரியில் ஏற்றுவது எங்கள் வேலை. என் மூக்கைப் பிடித்த நோய்க்கு என் கையாலேயே குறியீடு போடும் இடத்தில் வந்து உட்கார்ந்ததால், இரண்டு பக்கத்தையும் பார்க்க வாய்த்தது. ஒரு நோயின் பெயர் நோயாளியின் தாளில் சரியாக ஏறவில்லையென்றால் என்னவெல்லாம் நடக்கிறது என்பதை முதலில் உடம்பாலும் பிறகு வேலையாலும் தெரிந்துகொண்டேன்.

எங்கள் கண்மாயில் ஐப்பசி, கார்த்திகையில் தண்ணீர் ஏறும். நல்ல வருஷமென்றால் கலுங்கு தாண்டி ஓடும். மாசி பிறந்தால் வற்ற ஆரம்பித்து, பங்குனியில் மடையை ஒட்டி ஒரு பள்ளத்தில் மட்டும் கலங்கல் தண்ணீர் கிடக்கும். ஊரிலுள்ள மாடுகளும் பிள்ளைகளும் குளிப்பது அந்தப் பள்ளத்தில்தான். பள்ளிக்கூட லீவு விட்டதும் முங்கு நீச்சல் போட்டி. அடியில் போய் ஒரு கை களிமண்ணை அள்ளிக்கொண்டு வந்து மேலே காட்டவேண்டும். காட்டினால்தான் ஜெயித்த கணக்கு. தண்ணீர் மூக்கில் ஏறும், சீறிச் சிந்துவோம், மறுபடி முங்குவோம். மூக்கின் உள்தோலில் நகக்கீறலோ மணல் கீறலோ இருந்தால் அதன் வழியாக ஒட்டுண்ணி நுழைகிறது என்று மருத்துவர்கள் கருதுகிறார்கள். யார் உடம்பில் எந்தக் குளியலில் நுழைந்தது என்று ஒருவராலும் சொல்லமுடியாது. அது ஒரு கட்டியாக வெளியே தெரிவதற்கு மாதங்கள் பிடிக்கும், வருஷங்களும் ஆகலாம்.

எனக்கு முதலில் தெரிந்தது ரத்தம்தான். பிளஸ் ஒன் படிக்கும்போது காலையில் முகம் கழுவினால் வலது மூக்கிலிருந்து சொட்டும். "வெயிலு ஏறிப்போச்சுடா, சில்லுமூக்கு உடைஞ்சிருக்கு, அண்ணாந்து படு" என்பாள் அப்பத்தா. அண்ணாந்து படுத்தால் ரத்தம் தொண்டைக்குள் இறங்கும், வாந்தி வரும். மூக்கில் ரத்தம் வந்தால் முன்னால் குனிந்து, மூக்கின் மென்மையான பகுதியை இரண்டு விரலால் பத்து நிமிஷம் விடாமல் அழுத்திப் பிடிக்கவேண்டும் என்று எனக்கு யாராவது அன்றைக்குச் சொல்லியிருந்தால் நன்றாயிருந்திருக்கும். சூடு தணியட்டும் என்று தினமும் தலைமுழுகச் சொன்னார்கள். எங்கே முழுகுவேன், கண்மாயில்தான்.

பிறகு அந்தப் பக்கம் மூச்சு அடைத்தது. தூங்கும்போது வாயைத் திறந்தே தூங்கினேன். ஒருநாள் கண்ணாடி முன்னால் நின்று மூக்கின் நுனியைத் தூக்கிப் பார்த்தபோது உள்ளே சிவப்பாக ஏதோ தொங்கியது. விரல் பட்டதும் ரத்தம். அன்றைக்குத்தான் பயம் வந்தது. அதை யாரிடமும் காட்டாமல் சில மாதம் வைத்திருந்தேன். பள்ளிக்கூடத்தில் சளி என்று சொல்லிக் கைக்குட்டையை மூக்கோடு சேர்த்துப் பிடித்துக்கொள்வேன்.

பக்கத்து டவுனில் ஒரு மருத்துவமனையில் முதல் தடவை எடுத்தார்கள். "மூக்குல சதை. எடுத்துட்டோம், போகலாம்" என்றார்கள். எடுத்ததை எந்தப் பரிசோதனைக்கும் அனுப்பவில்லை. டிஸ்சார்ஜ் தாளில் 'நேசல் பாலிப்' என்று ஒரே வரி. மூக்குப் பாலிப் என்பது வேறு நோய். ஒவ்வாமை, நாள்பட்ட சைனஸ் அழற்சி ஆகியவற்றால் வருவது; பார்க்க வெளிறி, பளபளவென்று வழுவழுப்பாக இருக்கும்; தொட்டால் எளிதில் ரத்தம் வராது. என்னுடையது செக்கச்செவேலென்று, பட்டாலே ரத்தம் விட்டது. அந்த வேறுபாட்டைச் சொல்ல அங்கே யாரும் இல்லை. நானும் கேட்கத் தெரியாத வயதில் இருந்தேன். வீட்டுக்கு வந்ததும் அதே கண்மாய். சதை மறுபடி வந்தது. திரும்பவும் எடுத்தார்கள், திரும்பவும் அதே ஒரு வரி.

மூன்றாவதாகப் போன இடம் ஒரு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை. காது மூக்கு தொண்டைப் பிரிவின் பேராசிரியர் என் மூக்கைப் பார்ப்பதற்கு முன்னால் கேட்ட முதல் கேள்வி, "தம்பி, எங்க குளிப்ப? கிணறா, கண்மாயா?" என்பது. அந்தக் கேள்வியிலேயே பாதி நோய் பிடிபட்டுவிட்டது என்று இப்போது புரிகிறது. எண்டோஸ்கோப்பை உள்ளே விட்டு, பக்கத்தில் இருந்த திரையைக் காட்டிச் சுற்றி நின்ற மாணவர்களுக்குச் சொன்னார். புத்தகத்தில் ஸ்ட்ராபெரிப் பழம்போல இருக்கும் என்று போட்டிருக்கும், நம் ஊரில் எத்தனை பேர் அதைப் பார்த்திருக்கிறீர்கள், இதைப் பாருங்கள், சிவந்த சதைமேல் ரவை தூவினமாதிரி இருக்கிறது, இந்த வெள்ளைப் புள்ளியை மறக்காதீர்கள் என்றார். நானும் கழுத்தைத் திருப்பித் திரையைப் பார்த்தேன். என் மூக்குக்குள் இருந்ததை முழுசாகப் பார்த்தது அப்போதுதான். அந்த வெள்ளைப் புள்ளி ஒவ்வொன்றும் முற்றிய ஒரு வித்துப்பை. கால் மில்லிமீட்டர், அதற்கு மேலும் வளரும். அதனால்தான் வெறும் கண்ணுக்கே தெரிகிறது.

வெளிநோயாளிப் பிரிவிலேயே ஒரு துண்டு வெட்டிச் சோதிக்கலாமே என்று ஒரு பயிற்சி மருத்துவர் கேட்டதற்கு, ரத்தம் கட்டுப்படாமல் போகும், ஆபரேஷன் தியேட்டரில் முழுதாக எடுத்து அப்படியே நோய்க்குறியியல் பிரிவுக்கு அனுப்புவோம் என்று சொன்னார். சிகிச்சை என்றால் அறுவைதான். எண்டோஸ்கோப் வழியாகப் பார்த்துக் கட்டியை அதன் வேரோடு எடுத்து, அது ஒட்டியிருந்த இடத்தை மின்சாரக் கருவியால் சுட்டுவிடுவார்கள். வேரைச் சுடாமல் விட்டால் திரும்ப வரும். எடுக்கும்போது வித்துப்பைகள் உடைந்து பக்கத்துச் சவ்வில் சிந்தினாலும் திரும்ப வரும். எனக்கு ஏன் திரும்பத் திரும்ப வந்தது என்பதற்கு அன்றைக்குத்தான் ஒரு காரணம் கிடைத்தது. ஆபரேஷனைவிட மறக்கமுடியாதது அடுத்த நாள் மூக்கிலிருந்து பஞ்சுத்துணியை உருவியதுதான். முழம் முழமாக வந்துகொண்டே இருந்தது. கண்ணில் நீர் கொட்ட, நர்ஸக்கா என் நெற்றியைத் தன் இடுப்போடு அணைத்துப் பிடித்துக்கொண்டார்.

ஒரு வாரம் கழித்துப் பரிசோதனை முடிவு வந்தது. அதில்தான் முதல்முறையாக என் நோயின் முழுப்பெயர் எழுதியிருந்தது.

கூடவே ஒரு மாத்திரையும் வந்தது: டாப்சோன், 100 மில்லிகிராம், தினம் ஒன்று, பல மாதங்களுக்கு. இது ஒட்டுண்ணியை ஒழித்துவிடும் மருந்து அல்ல. வித்துப்பைகள் முற்றுவதைத் தடுத்து, சதை திரும்ப வளர்வதைக் குறைக்க உதவுகிறது என்பதால் அறுவைக்குத் துணையாகத் தருகிறார்கள். தொடங்குவதற்கு முன் ரத்தத்தில் ஜி6பிடி என்ற நொதி குறைவாக இருக்கிறதா என்று பார்ப்பது அவசியம். குறைவாக இருப்பவர்களுக்கு இந்த மாத்திரை சிவப்பணுக்களை உடைத்துவிடும். ஹீமோகுளோபினையும் அவ்வப்போது பார்க்கவேண்டும். உதடு, நகம் நீலம் பாரித்தாலோ மூச்சு வாங்கினாலோ உடனே போய்ச் சொல்லவேண்டும். எனக்கு இவை எல்லாவற்றையும் பொறுமையாகச் சொல்லித்தான் கொடுத்தார்கள். சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு. டாப்சோன் 1940-களிலிருந்து தொழுநோய்க்குக் கொடுக்கப்பட்டுவரும் மருந்து என்பது.

அதை எங்கள் டவுன் மெடிக்கல் ஷாப்காரர் சொன்னார். சீட்டைப் பார்த்தவர் குரலைத் தாழ்த்தி, "தம்பி, இது யாருக்கு?" என்றார். பக்கத்தில் இரண்டு பேர் நின்றார்கள். "எங்க சித்தப்பாவுக்கு" என்று சொன்னேன். அன்று ராத்திரி அம்மா அடுப்படியில் உட்கார்ந்து, "அந்த நோவுக்குக் குடுக்குற மாத்திரையாம்ல?" என்று கேட்டாள். விஷயம் அதற்குள் ஊருக்கு வந்திருந்தது. அப்பத்தா என் தட்டையும் டம்ளரையும் தனியாக எடுத்துத் திண்ணைப் பக்கம் வைத்தாள். என்மேல் உயிராக இருந்தவள்தான். அவளைக் குறை சொல்ல எனக்கு மனசில்லை, ஏனென்றால் அந்த அருவருப்பு எனக்குள்ளேயும் இருந்தது. கல்லூரி விடுதியில் மாத்திரைகளை அட்டையிலிருந்து பிரித்து விட்டமின் மாத்திரை டப்பாவில் போட்டு வைத்திருந்தேன். குளித்துவிட்டு வந்தால் கைகால்களில் தேமல் எங்காவது தெரிகிறதா என்று வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்ப்பேன். எனக்கு அந்த நோய் இல்லை என்று டாக்டர் எழுதிய தாள் கையில் இருந்தது. அப்படியும் பார்த்தேன். தொழுநோய் முழுக்கக் குணமாகக்கூடியது, மருந்தை ஆரம்பித்தவரிடமிருந்து பரவுவது சீக்கிரமே நின்றுவிடும் என்பதெல்லாம் தெரிந்த பிறகும், அந்தப் பெயர் என்மேல் ஒட்டிவிடக்கூடாது என்ற பதற்றம் என்னைவிட்டுப் போக நெடுநாள் ஆனது. அந்தப் பெயரோடு வாழ்கிறவர்களின் நிலைமையை நான் யோசித்துப் பார்த்தது அதற்கும் வெகுகாலம் கழித்து.

மூக்கு நோய் ஒருவரிடமிருந்து இன்னொருவருக்கு ஒட்டாது. ஒரே தட்டில் சாப்பிடலாம், ஒரே துண்டைப் பயன்படுத்தலாம், குழந்தையை முத்தமிடலாம். கல்யாணத்துக்கு முன்னால் என் மனைவியிடம் சொல்லவேண்டியிருந்தபோது இதைத்தான் முதலில் சொன்னேன். அவள் கேட்டதும் அதைத்தான்.

விலங்கியல் படித்துவிட்டு மருத்துவ ஆவணப் பட்டயம் முடித்து வேலைக்கு வந்த புதிதில், ஐ.சி.டி. புத்தகத்தை வாங்கி முதலில் புரட்டிப் பார்த்தது இந்தப் பெயரைத்தான். மூன்று தொகுதிகள் உண்டு. மூன்றாம் தொகுதி அகரவரிசை; அங்கே தேடிக் குறியீட்டைக் கண்டுபிடித்து, முதல் தொகுதியில் போய்ச் சரிபார்க்கவேண்டும். விதிகள் இரண்டாம் தொகுதியில். ரைனோஸ்போரிடியோசிஸ் பி48.1. பக்கத்தைத் திருப்பிப் பார்த்தேன். பி35-லிருந்து பி49 வரை பூஞ்சை நோய்கள். படர்தாமரைக்கும் கேண்டிடாவுக்கும் பக்கத்தில், 'வேறிடத்தில் வகைப்படுத்தப்படாத பிற பூஞ்சை நோய்கள்' என்ற பிரிவில் என் நோய் உட்கார்ந்திருந்தது. எங்கள் பேராசிரியர் அதைப் பூஞ்சை இல்லை என்று மாணவர்களிடம் சொன்னது எனக்கு நினைவிருந்தது.

யார் சரி என்று தேடிப்போனதில் ஒரு நூற்றாண்டுக் கதை கிடைத்தது. அர்ஜென்டினாவின் புவனோஸ் ஐரிஸில் மாணவராக இருந்த கில்லெர்மோ சீபர் 1900-இல் தன் ஆய்வேட்டில் இதை விவரித்தபோது, ஓரணு ஒட்டுண்ணி என்றே நினைத்தார். 1923-இல் எடின்பரோவில் ஆஷ்வொர்த் இதன் வாழ்க்கைச் சுழற்சியை விரிவாக எழுதி, பூஞ்சைகளின் பக்கம் கொண்டுபோய் வைத்தார். அதன்பிறகு முக்கால் நூற்றாண்டு அது பூஞ்சையாகவே இருந்தது. ஆய்வகத்தில் எந்த ஊடகத்திலும் வளர்க்கமுடியாத உயிர் என்பதால் நேராகச் சோதித்து முடிவுகட்ட வழியில்லாமல் இருந்தது. 1999-இல் அதன் ரைபோசோம் மரபணுவை வாசித்தார்கள். அமெரிக்க ஆய்வாளர்களோடு இலங்கைப் பேராதனையின் அர்சகுலரத்னவும் அந்தக் குழுவில் இருந்தார். முடிவு, பூஞ்சை இல்லை. மீன்களையும் தவளைகளையும் பிடிக்கும் ஒட்டுண்ணிகளுக்கு நெருங்கிய உறவு. கண்மாய்த் தண்ணீரில் வளர்ந்த எனக்கு அதைப் படித்தபோது ஆச்சரியமே வரவில்லை.

நம் பக்கத்து மருத்துவர்கள் இந்த நோய்க்குச் செய்திருக்கும் வேலையைச் சொல்லாமல் போக மனம் வரவில்லை. சென்னையில் ராஜம் குழுவினர் 1955-இல் எழுதிய கட்டுரையில் உடம்பெங்கும் பரவி உயிரை எடுத்த ஒரு நேர்வு பதிவாகியிருக்கிறது. இலங்கையின் கருணாரத்ன 1964-இல் இதற்கென்றே தனி நூல் எழுதினார். இந்த நோயை நினைத்தும் பார்க்காத செர்பியாவில் 1990-களின் தொடக்கத்தில் பலருக்கு இது வந்தபோது, எல்லோரும் ஒரே ஏரியில் குளித்தவர்கள் என்று கண்டுபிடித்தார்கள். யார், எந்த ஊர், எங்கே குளித்தார் என்பதைக் கேட்டு எழுதி வைத்ததால் அது தெரியவந்தது.

என் அண்ணன் மகள் சென்னையில் அமெரிக்க மருத்துவமனைகளுக்குக் கோடிங் பார்க்கும் நிறுவனமொன்றில் வேலை பார்க்கிறாள். தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்தபோது ஒருநாள் போனில் கேட்டாள்: "சித்தப்பா, இது ஃபங்கஸ் இல்லைனு நீங்க சொல்றீங்க. புத்தகம் ஃபங்கஸ்லதான வச்சிருக்கு? நான் எதப் போடட்டும்?" புத்தகத்தில் இருப்பதைப் போடு என்றேன். புத்தகத்தை மாற்றுவது நம் வேலை இல்லை. உலகம் முழுக்க ஒரே நோய்க்கு ஒரே குறியீடு போட்டால்தான் சேர்த்து எண்ணமுடியும். அவளுக்கு இன்னொரு சந்தேகமும் இருந்தது. டாக்டர் 'ரைனோஸ்போரிடியோசிஸாக இருக்கலாம்' என்று எழுதினால் என்ன செய்வது? அமெரிக்க விதியில் வெளிநோயாளி என்றால் சந்தேக நோய்க்குக் குறியீடு போடக்கூடாது, மூக்கில் ரத்தம் என்ற அறிகுறிக்குரிய ஆர்04.0-தான் போடவேண்டும். உள்நோயாளியாக இருந்து டிஸ்சார்ஜ் ஆகும்போதும் அதே சந்தேகம் எழுதியிருந்தால், நோயின் குறியீட்டையே போடலாம். எனக்கு அது புதிது. எனக்கும் அவள்தான் கற்றுக்கொடுத்தாள். நோய் உறுதியான பிறகு ரத்தக்கசிவுக்குத் தனியாக இன்னொரு குறியீடு தேவையில்லை என்று நான் சொன்னேன். அவளுக்கு அது முன்பே தெரிந்திருந்தது.

இந்தச் சிக்கல்கள் எல்லாம் வரும் முன்பே, எங்கள் அறையில் நடப்பது வேறு ஒன்று. மூக்கில் கட்டியோடு சேர்ந்தவருக்கு ஆபரேஷன் முடிந்து இரண்டு மூன்று நாளில் டிஸ்சார்ஜ் எழுதிவிடுவார்கள். பரிசோதனை முடிவு வர ஒரு வாரம் ஆகும். அதனால் டிஸ்சார்ஜ் தாளில் 'நேசல் பாலிப்' அல்லது 'நேசல் மாஸ்' என்றுதான் இருக்கும். அந்தத் தாளைப் பார்த்து நாங்கள் ஜே33.0 என்று போடுவோம், மூக்குப் பாலிப்பின் குறியீடு. கேஸ் ஷீட் அலமாரிக்குப் போய்விடும். அடுத்த வாரம் நோய்க்குறியியல் அறிக்கை தனியாக வந்து, ஃபைலில் பின்னால் செருகப்படும். அறிக்கையில் ரைனோஸ்போரிடியோசிஸ் என்று பட்டவர்த்தனமாக எழுதியிருக்கும். குறியீடு ஜே33-ஆகவே இருக்கும். வருஷக் கடைசியில் கணக்கெடுக்கிறவர்களுக்குத் தெரிவது குறியீடு மட்டும்தான். எங்கள் மாவட்டங்களில் கண்மாயில் குளித்து மூக்கில் ஒட்டுண்ணி வாங்கியவர்கள், ஒவ்வாமையால் பாலிப் வந்தவர்களின் கூட்டத்தில் கரைந்துபோகிறார்கள். குளிக்கும் இடத்தைப் பற்றி எந்த ஊரிலும் யாரும் போய் ஒரு வார்த்தை சொல்லாததற்கு இது முக்கியமான காரணம் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

இரண்டாம் தொகுதியிலேயே இதற்கு வழி சொல்லியிருக்கிறது. முதன்மை நோய் என்று பொதுவான பெயர் எழுதியிருந்து, அதே கேஸ் ஷீட்டில் இன்னும் துல்லியமான பெயர் இருந்தால், துல்லியமானதையே எடுக்கவேண்டும் என்பது விதி. ஆனாலும் ஆய்வகத் தாளை மட்டும் வைத்து நாங்களாகவே மாற்றுவது முறையல்ல என்பதால், சிகிச்சை கொடுத்த மருத்துவரிடம் எடுத்துப்போய்க் காட்டி, இறுதி நோய் என்ன என்று அவர் கையால் எழுத வாங்குகிறோம். இப்போது எங்கள் பிரிவில் மூக்கு, கண், தொண்டைச் சதைகள் எடுத்த கேஸ் ஷீட் எதுவும் அறிக்கை வராமல் அலமாரி ஏறுவதில்லை. ஒரு மஞ்சள் தாளைக் குத்தித் தனி அடுக்கில் வைத்துவிடுகிறோம். முதலில் டாக்டர்கள் சலித்துக்கொண்டார்கள். இப்போது சில பயிற்சி மருத்துவர்கள் தாங்களே படியேறி வந்து எழுதிக் கொடுக்கிறார்கள்.

நோய்க்குறியியல் பிரிவின் மேடம் ஒருநாள் என்னைக் கூப்பிட்டு மைக்ராஸ்கோப்பில் ஒரு ஸ்லைடைக் காட்டினார். இளஞ்சிவப்பும் ஊதாவுமாகச் சாயமேற்றிய சதைக்குள் வட்ட வட்டமாகப் பைகள். சின்னவை சவ்வுக்குள் ஆழத்தில், முற்றியவை மேற்பரப்பை ஒட்டி. தடித்த சுவருக்குள் ஆயிரக்கணக்கில் குட்டி வித்துகள். ஒரு பை ஓரத்தில் வெடித்து, வித்துகள் வாய்வழியே வெளியே கொட்டிக்கொண்டிருக்கும் நிலையில் அப்படியே உறைந்திருந்தது. "இதப் பாத்தா வேற எதுன்னும் குழம்பவே முடியாது. அனுப்பினாங்கன்னா போதும், நாங்க சொல்லிருவோம்" என்றார் மேடம். அனுப்பாமல் குப்பைத் தொட்டியில் போன என் முதல் சதை ஞாபகம் வந்தது. எனக்கு அங்கேயே கோபம் வந்தது. இன்றைக்கும் வருகிறது. ஆய்வகத்துக்கு ஒரு டப்பா அனுப்பியிருந்தால் நான் அந்தக் கண்மாய்க்குத் திரும்பப் போயிருக்க மாட்டேன், இன்னொரு தடவை அறுபட்டிருக்கவும் மாட்டேன்.

ஆகவே மூக்கில் சதை என்று யார் என்னிடம் வந்தாலும் நான் கேட்கச் சொல்வது இவைதான். எடுத்ததை எல்லாம் பரிசோதனைக்கு அனுப்புவீர்களா, முடிவு எப்போது வரும், அந்த முடிவை என் தாளில் ஏற்றுவீர்களா? குளிக்கும் இடத்தை டாக்டர் கேட்காவிட்டாலும் நீங்களே சொல்லுங்கள். ரைனோஸ்போரிடியோசிஸ் என்றால், டாக்டர் டாப்சோன் எழுதினாலும் எழுதாவிட்டாலும், ஸ்கோப் போட்டுப் பார்க்கச் சில வருஷம் தவறாமல் போய்வாருங்கள். எனக்குப் பல வருஷமாகத் திரும்பவில்லை. ஆனாலும் போகிறேன்.

இப்போது மேடத்தின் அனுமதியோடு, நோய்க்குறியியல் பிரிவின் பழைய பதிவேட்டையும் எங்கள் ஜே33 கேஸ் ஷீட்டுகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டு வருகிறோம். ஆய்வகத்தில் ரைனோஸ்போரிடியோசிஸ் என்று வந்தும் எங்களிடம் பாலிப்பாகவே தங்கிவிட்டவற்றைப் பிரித்தெடுத்து, நோயாளிகளின் பெயரை விட்டுவிட்டு ஊரையும் வயதையும் மட்டும் ஒரு நோட்டில் ஏற்றுகிறோம். சில ஊர்ப்பெயர்கள் திரும்பத் திரும்ப வருகின்றன. சமூக மருத்துவத் துறைப் பேராசிரியர் அந்த நோட்டைக் கேட்டிருக்கிறார், அந்த ஊர்களின் நீர்நிலைகளைப் போய்ப் பார்க்கவேண்டும் என்கிறார். பழைய பதிவேடுகளில் பூச்சி அரித்தவை நிறைய. சாயங்காலம் வேலை முடிந்ததும் ஒரு மணி நேரம் உட்கார்ந்தால் பத்துப் பக்கம் தாண்டுவதே கஷ்டமாக இருக்கிறது. மழைக்காலம் முடிந்து கண்மாய்கள் வற்றத் தொடங்கும் முன் கொடுத்துவிடவேண்டும் என்று பார்க்கிறேன்.